ஆபத்து இல்லை என்று தெரிந்த பிறகும் நெஞ்சு படபடப்பது ஏன்? பயம் மூளையில் எங்கே நடக்கிறது?

#1 இரவுப்பணி (பெரம்பூர்)

வணக்கம். அம்பத்தூர் எஸ்டேட்டில் எனக்கு இரண்டாவது ஷிஃப்ட். வேலை முடிந்து பாடி, வில்லிவாக்கம் வழியாக பைக்கில் வீடு திரும்புவேன். போன ஐப்பசியில் ஒரு ராத்திரி, ஒரு தெருமுனையில் நாலைந்து நாய்கள் சேர்ந்து துரத்தின. வண்டியை முறுக்கினேன், மழையில் ரோடு வழுக்கியது, விழுந்துவிட்டேன். முட்டியில் சிராய்ப்பு, வேறொன்றும் இல்லை. விழுந்தது ஒரு நொடிதான் இருக்கும். ஆனால் ரொம்ப நேரம் விழுந்துகொண்டே இருந்ததாக நினைவு.

காயம் ஆறிப் பல மாதம் ஆகிறது. இப்போது பட்டப்பகலில், கேட்டுக்கு உள்ளே சங்கிலியில் கட்டிய நாய் குரைத்தால்கூடத் தூக்கிவாரிப் போடுகிறது. அது கட்டிய நாய் என்று எனக்குத் தெரியும். பாய முடியாது என்றும் தெரியும். தெரிந்துகொண்டே கை வியர்க்கிறது, வயிற்றைக் கலக்குகிறது.

அப்படியென்றால் தெரிந்துகொள்வது மூளையில் ஓர் இடத்திலும் பயப்படுவது வேறோர் இடத்திலும் நடக்கிறதா? தேடிப் பார்த்தால் எல்லோரும் அமிக்டாலா, அமிக்டாலா என்று ஏதோ ஒரு மூளைப் பகுதியின் பெயரை எழுதிவிட்டு நகர்ந்துவிடுகிறார்கள். வீட்டில் கேட்டால் "ஆம்பளப் புள்ள நாய்க்குப் பயப்படலாமா" என்கிறார்கள். தைரியம் சொல்ல வேண்டாம், அது வீட்டிலேயே நிறையக் கிடைக்கிறது. விளக்கம் சொன்னால் போதும்.

#2 சும்மா படிப்பவன்

பாவ்லோவ் என்ற ரஷ்ய விஞ்ஞானி நாய்களை வைத்துச் சோதனை செய்தார். இங்கே நாய்கள் உங்களை வைத்துச் செய்திருக்கின்றன.

கோபிக்காதீர்கள். நானும் டூவீலர் ஆள்தான். துரத்தினால் வண்டியை முறுக்காதீர்கள். வேகத்தைக் குறைத்தாலே பெரும்பாலும் நின்றுவிடும். ஓடுவதைத் துரத்துவதுதான் அதற்குப் பழக்கம்.

#3 நைட் டியூட்டி சிஸ்டர்

தம்பி, விளக்கத்துக்கு முன்னால் ஒரு கேள்வி. சிராய்ப்பு ரோட்டில் பட்டதா, நாயின் பல்லோ நகமோ பட்டதா? சந்தேகம் துளி இருந்தால்கூட ஊசி போட்டிருக்க வேண்டும். இதைப் படிக்கிற மற்றவர்களுக்கும் சொல்கிறேன். கடியோ கீறலோ, உடனே குழாயடியில் சோப்புப் போட்டுப் பதினைந்து நிமிடம் கழுவிவிட்டு, அன்றைக்கே ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டும். மிளகாய்த்தூள், சுண்ணாம்பு எதுவும் தடவக் கூடாது.

#4 இரவுப்பணி (பெரம்பூர்)

நன்றி அக்கா. ரோடுதான். ஜீன்ஸ் கிழிந்ததோடு சரி. ஆனாலும் மறுநாள் டாக்டரிடம் காட்டினேன். அவர் ஊசி போடச் சொல்லி, எல்லாத் தவணையும் போட்டாயிற்று.

#5 வெண்மதி

மருத்துவ மாணவர்களுக்கு உடலியங்கியல் நடத்துகிறேன், அந்த உரிமையில் கொஞ்சம் நீளமாக எழுதுகிறேன்.

தெரிவதும் பயப்படுவதும் வேறு வேறு இடமா என்று கேட்டீர்கள். 1995-இல் அமெரிக்காவில் அயோவா பல்கலைக்கழகத்தில் இதையே நேரடியாகச் சோதித்தார்கள். மூன்று நோயாளிகள். ஒருவருக்கு இரண்டு பக்க அமிக்டாலாவும் சேதம். இன்னொருவருக்கு நினைவைப் பதியவைக்கும் ஹிப்போகேம்பஸ் சேதம். மூன்றாமவருக்கு இரண்டுமே. திரையில் வண்ண வண்ணமாகப் படங்கள் காட்டி, ஒரு குறிப்பிட்ட நிறம் வரும்போது மட்டும் காது கிழியக் கப்பல் ஊதலை அலறவிட்டார்கள். சில தடவை இப்படிச் செய்தால், அந்த நிறத்தைப் பார்த்ததுமே சாதாரண ஆட்களுக்கு உள்ளங்கை வியர்க்கும். அந்த வியர்வையைத் தோலின் மின் கடத்தலை வைத்து அளக்கலாம்.

அமிக்டாலா இல்லாதவருக்கு வியர்க்கவே இல்லை. ஆனால் எந்த நிறத்துக்குப் பிறகு ஊதல் வந்தது என்று கேட்டால் பிசகில்லாமல் சொன்னார். ஹிப்போகேம்பஸ் இல்லாதவருக்கு வியர்த்தது, ஆனால் எந்த நிறம் என்று சொல்லத் தெரியவில்லை. மூன்றாமவருக்கு இரண்டும் இல்லை. ஒருவரிடம் தகவல் மட்டும், இன்னொருவரிடம் பயம் மட்டும்.

இதற்கு வெகுகாலம் முன்பே, 1911-இல், ஜெனீவாவில் கிளாபரேட் என்ற மருத்துவர் ஒரு குறும்பு செய்தார். புதிதாக நடப்பது எதுவும் மனதில் நிற்காத ஒரு பெண்மணி அவரிடம் சிகிச்சையில் இருந்தார். விரலிடுக்கில் குண்டூசியை ஒளித்துக்கொண்டு அவரோடு கைகுலுக்கினார் டாக்டர். குத்தியது அந்தம்மாவுக்குச் சீக்கிரமே மறந்துபோனது. ஆனால் அடுத்த முறை டாக்டர் கையை நீட்டியபோது அவர் தன் கையைப் பின்னால் இழுத்துக்கொண்டார். ஏன் என்று கேட்டால் சரியான காரணம் சொல்லத் தெரியவில்லை. இன்றைக்கு எந்த நெறிமுறைக் குழுவும் இந்தச் சோதனைக்கு அனுமதி தராது.

இப்போது உங்கள் நாய். குரைப்பு காதில் விழுந்து, நரம்பு வழியாக மூளைக்கு நடுவில் இருக்கும் தாலமஸுக்கு வருகிறது. அங்கிருந்து இரண்டு வழி. ஒன்று, மூளையின் மேலடுக்கான புறணிக்குப் போய், இது நாய், கட்டியிருக்கிறது, கேட் பூட்டியிருக்கிறது என்று விவரமாக அலசுகிற வழி. இன்னொன்று, அலசல் எதுவும் இல்லாமல் நேராக அமிக்டாலாவுக்குப் போகிற குறுக்கு வழி. எலிகளில் இந்தக் குறுக்கு வழியைக் காட்டியவர் ஜோசப் லெடூ என்ற நரம்பியல் ஆய்வாளர். ஒலியைப் பகுத்தறியும் புறணியை நீக்கிய பிறகும், ஒரு ஒலி கேட்டால் ஷாக் அடிக்கும் என்பதை எலிகள் கற்றுக்கொண்டன.

அமிக்டாலா என்பது இரண்டு காதுக்கும் உட்பக்கமாக ஆளுக்கொன்று வாதுமைக் கொட்டை அளவில் இருப்பது. அது ஹைப்போதலாமஸுக்குச் செய்தி அனுப்பினால் அட்ரினலின் பாயும், இதயம் வேகம் எடுக்கும், சற்றுப் பிந்தி கார்ட்டிசால் என்ற ஹார்மோனும் வரும். குடலுக்குப் போகும் ரத்தம் குறைந்து கை கால் தசைகளுக்குத் திருப்பிவிடப்படும். வயிற்றைக் கலக்குவது அதனால்தான். மூளைத்தண்டில் ஒரு பகுதிக்குச் செய்தி போனால் அப்படியே உறைந்து நிற்போம். கை கால் ஓடவில்லை என்று சொல்கிறோமே, அது.

புறணி அலசி முடித்து "கட்டிய நாய்தான், விடு" என்று சொல்வதற்குள் உடம்பு கிளம்பிவிட்டது. ரத்தத்தில் கலந்த அட்ரினலினைத் திரும்ப எடுக்க முடியாது. அது வடியும்வரை படபடப்பு இருக்கும். இதற்கும் ஆண்பிள்ளையா இல்லையா என்பதற்கும் சம்பந்தம் இல்லை, வீட்டில் சொல்லுங்கள்.

#6 ஏன் எதற்கு

வெண்மதி மேடம் எழுதியதில் எனக்கு ஒரு சந்தேகம். அப்படியானால் அமிக்டாலாவை எடுத்துவிட்டால் மனிதன் பயமே இல்லாமல் வாழலாமா? சினிமா வில்லன் மாதிரி?

#7 வெண்மதி

அப்படி ஒரு பெண் இருக்கிறார். ஆய்வுக் கட்டுரைகளில் அவருக்கு எஸ்.எம். என்று இரண்டெழுத்துதான் பெயர். அர்பாக்-வீத்தே என்ற மிக அரிய மரபணு நோயால் அவருடைய இரண்டு அமிக்டாலாவும் அழிந்துவிட்டன. மேலே சொன்ன கப்பல் ஊதல் சோதனையில் வியர்க்காதவரும் அவர்தான்.

2011-இல் வந்த ஆய்வைப் படித்தால் சிரிப்பும் வரும், சங்கடமும் வரும். பாம்பும் சிலந்தியும் விற்கிற கடைக்கு அவரைக் கூட்டிப்போனார்கள். போவதற்கு முன் "எனக்குப் பாம்பே பிடிக்காது" என்று சொன்னவர், உள்ளே போனதும் பாம்பைக் கையில் வாங்கித் தடவிக்கொண்டே இருந்தார். ஆபத்தான பெரிய பாம்புகளையும் தொட்டுப் பார்க்கலாமா என்று திரும்பத் திரும்பக் கேட்டார். பேய் பங்களா என்று டிக்கெட் போட்டு நடத்துகிற பழைய காசநோய் ஆஸ்பத்திரி ஒன்று கென்டக்கியில் இருக்கிறது. அங்கே மற்றவர்கள் தயங்கி நிற்க, இவர் முன்னால் போனார். பேய் வேடம் போட்டவர் ஒருவரை இவர் தொட்டுப் பார்க்கப் போக, பேய்தான் பயந்தது.

சங்கடமான பக்கமும் உண்டு. ஒரு பூங்காவில் ஓர் ஆள் இவர் கழுத்தில் கத்தி வைத்து மிரட்டியிருக்கிறான். மறுநாளும் அதே பூங்கா வழியாக நடந்து போயிருக்கிறார். எங்கே விலகிப் போக வேண்டும் என்று உடம்பு சொல்லித்தராது. அதனால் அவர் வாழ்க்கையில் ஆபத்துகள் சராசரிக்கு மேல்.

இன்னொன்று. முகத்தைப் பார்த்துக் கோபம், மகிழ்ச்சி எல்லாம் சொல்வார், பயந்த முகத்தை மட்டும் அவரால் சொல்ல முடியவில்லை என்று 1994-இலேயே எழுதினார்கள். பல வருடம் கழித்து 2005-இல் காரணம் புரிந்தது. அவர் எதிராளியின் கண்களைப் பார்ப்பதே இல்லை. கண்ணைப் பாருங்கள் என்று சொன்னதும் சரியாகச் சொல்லிவிட்டார். சொல்வதை நிறுத்தியதும் பழையபடி. எது முக்கியமோ அங்கே கண்ணைத் திருப்புவதும் அமிக்டாலாவின் வேலைகளில் ஒன்று என்று இதிலிருந்து தெரிகிறது.

#8 ஏன் எதற்கு

மேடம், நல்ல கதை. ஆனால் கதையின் பின்பாதியைச் சொல்லாமல் விட்டுவிட்டீர்கள்.

2013-இல் அதே எஸ்.எம்.முக்கு 35 சதவீதம் கார்பன் டை ஆக்சைடு கலந்த காற்றை முகமூடி வழியாக ஒரே ஒரு மூச்சு கொடுத்தார்கள். பயமே தெரியாதவர் முகமூடியைப் பிய்க்கப் பார்த்தார். முழு பீதி. அதே நோய் உள்ள இரட்டைச் சகோதரிகளுக்கும் அதே கதி. அமிக்டாலாதான் பயத்தின் இருப்பிடம் என்றால் இந்த மூன்று பேருக்கும் பீதி எங்கிருந்து வந்தது?

அதனால்தான் "மூளையின் பய மையம்" என்ற பேச்சே எனக்கு ஒவ்வாது. வார இதழ் அறிவியல் பக்கத்துக்கு வசதியாக இருக்கும், அவ்வளவுதான். நீங்கள் மேற்கோள் காட்டிய லெடூவே பின்னாளில் மாறிவிட்டார். அமிக்டாலா ஆபத்தைக் கண்டுகொண்டு உடம்பைத் தயார் செய்கிறது, பயம் என்கிற உணர்வு அதில் பிறப்பதில்லை, புறணி எல்லாவற்றையும் சேர்த்துப் பார்த்து அதை உண்டாக்குகிறது என்று 2016-இல் டேனியல் பைன் என்ற மனநல மருத்துவரோடு சேர்ந்து எழுதினார். எலி உறைந்து நிற்பதை மட்டும்தான் நாம் பார்க்கிறோம். எலி பயந்தது என்று எழுதுவது நம் ஊகம்.

#9 வெண்மதி

2013 ஆய்வு நல்ல பிடி. அதற்கு ஒரு விளக்கம் உண்டு. நாய், பாம்பு, கத்தி எல்லாம் வெளியிலிருந்து கண், காது வழியாக வரும் ஆபத்து. அவற்றைப் பிடிக்க அமிக்டாலா வேண்டும். ரத்தத்தில் கார்பன் டை ஆக்சைடு ஏறுவது உள்ளிருந்து வரும் ஆபத்து. அதை மூளைத்தண்டு நேரடியாகவே உணரும். மூச்சு முட்டும் பீதிக்கு அமிக்டாலாவின் தயவு தேவையில்லை என்றுதான் அந்த ஆய்வுக் குழுவும் முடிவுக்கு வந்தது.

எலி விஷயத்தில் நான் உங்களோடு முழுக்க ஒத்துப்போகவில்லை. உணர்வே இல்லை என்பதும் ஊகம்தானே? ஆனால் பய மையம் என்ற சொல்லை விட்டுவிடலாம், சம்மதம். ஒரு கூட்டமே சேர்ந்து செய்கிற வேலை அது.

#10 முடிச்சூர் மழை

இந்த இழையை இரண்டு நாளாகப் படிக்கிறேன், எழுதலாமா வேண்டாமா என்று யோசித்தே போய்விட்டது. எனக்கு நாய் இல்லை, மழை.

2015 டிசம்பர் ஒன்றாம் தேதி ராத்திரி நாங்கள் முடிச்சூரில் தரைத்தளத்தில் இருந்தோம். அடையாறு ஏறி வந்தது. மாமியாரைத் தூக்கிக்கொண்டு மாடிக்குப் போனதும், கீழே பிரிட்ஜ் மிதந்து சுவரில் இடித்த சத்தமும் இன்றைக்கும் அப்படியே இருக்கிறது. இப்போது வேறு வீடு, இரண்டாவது மாடி, தண்ணீர் வரவே முடியாத இடம். ஆனாலும் கார்த்திகை மாதம் ராத்திரியில் மழை வலுத்தால் எழுந்து உட்கார்ந்துகொள்கிறேன். நெஞ்சு படபடப்பு என்று சொல்ல மாட்டேன். ஒரு பாரம். விடியும்வரை போனில் ரேடார் படம் பார்த்துக்கொண்டிருப்பேன். இதுவும் நாய்க்குப் பயப்படுவதும் ஒன்றா?

#11 வெண்மதி

ஒன்று இல்லை அக்கா, ஆனால் உறவு உண்டு.

2007-இல் லண்டனில் ஒரு சோதனை. ஸ்கேன் கருவிக்குள் படுத்தபடி கணினியில் ஒரு விளையாட்டு. கட்டங்களுக்குள் ஒரு வேட்டைக்காரப் புள்ளி உங்களைத் துரத்தும். பிடித்துவிட்டால் கையில் உண்மையாகவே ஷாக். புள்ளி தொலைவில் இருந்தபோது நெற்றிக்குப் பின்னால் இருக்கும் முன்மூளைப் பகுதி அதிகம் வேலை செய்தது. அது யோசிக்கிற, திட்டம் போடுகிற இடம். புள்ளி நெருங்க நெருங்க வேலை பின்னுக்கு நகர்ந்து, மூளைத்தண்டில் ஓடு அல்லது உறைந்து நில் என்று முடிவெடுக்கிற பகுதிக்குப் போனது. பெரம்பூர் நண்பருக்கு நாய் சக்கரத்துக்குப் பக்கத்தில் வந்தபோது நடந்தது இந்த இரண்டாவது.

உங்களுக்கு நடப்பது முதல் வகை. ஆபத்து கண்ணுக்கு எதிரில் இல்லை, வரலாம் என்ற காத்திருப்புதான். இதைப் பயம் என்பதைவிடப் பதற்றம் என்று பிரித்துச் சொல்வார்கள். அமிக்டாலாவை ஒட்டியே இருக்கும் இன்னொரு பகுதி இந்த நீளமான காத்திருப்பில் அதிகம் ஈடுபடுகிறது. ஆனால் கத்தி வைத்து வெட்டியதுபோல இரண்டையும் பிரிக்க முடியாது. பயத்துக்கு ஒரு முடிவு உண்டு, நாய் போய்விட்டால் அடங்கிவிடும். பதற்றத்துக்கு அந்த முடிவு கிடைப்பதில்லை. ரேடார் படம் ஒவ்வொரு தடவையும் கொஞ்சம் ஆறுதல் தரும், அதனாலேயே அதை விடவும் முடியாது.

#12 அபியின் அம்மா

குறுக்கே வருவதற்கு மன்னிக்கவும். எங்கள் அபிக்கு நாலு வயது. கரப்பான் பூச்சியைப் பார்த்தால் நான் கத்துவேன், அது என் பழக்கம். இப்போது அவளும் அதே சுருதியில் கத்துகிறாள். இது ரத்தத்தில் வருவதா? போன மாதம் தூக்கத்தில் அலறி எழுந்தாள். மாமியார் பக்கத்துத் தர்காவுக்குக் கூட்டிப்போய் மந்திரித்துக் கயிறு கட்டி வந்தார்கள். அன்று நன்றாகத் தூங்கினாள். கணவர் இதையெல்லாம் நம்ப மாட்டார், வீட்டில் ஒரே வாக்குவாதம்.

#13 ஏன் எதற்கு

சகோதரி, பாதி ரத்தம், பாதி நீங்கள். சூசன் மினேகா என்ற உளவியலாளர் 1980-களில் ரீசஸ் குரங்குகளை வைத்துப் பார்த்தார். ஆய்வகத்திலேயே பிறந்து வளர்ந்த குரங்குக்குப் பாம்பு பயம் கிடையாது. காட்டில் வளர்ந்த குரங்கு பாம்பைக் கண்டு அலறுவதைப் பார்த்த பிறகு அதற்கும் பயம் தொற்றிக்கொண்டது, ஒருமுறைகூடக் கடிபடாமலே. ஆனால் வீடியோவை வெட்டி ஒட்டி, ஒரு குரங்கு பூவைப் பார்த்து அலறுவதாகக் காட்டினால் யாருக்கும் பூ பயம் வரவில்லை. எதற்குப் பயப்படலாம் என்று ஒரு சாய்வு பிறவியிலேயே இருக்கிறது. அதைக் கற்றுத்தருவது பெரியவர்களின் முகம். பூச்சாண்டி காட்டிச் சோறு ஊட்டுகிறவர்கள் கவனிக்க.

தர்கா பற்றி நான் சொன்னால் சண்டை வரும், சிஸ்டர் சொல்லட்டும்.

#14 நைட் டியூட்டி சிஸ்டர்

சண்டைக்கு என்ன இருக்கிறது. மாமியார் மடியில் உட்கார வைத்து, தலையில் கை வைத்து ஒரு பெரியவர் மெதுவாக ஓதினால் குழந்தை அடங்கத்தான் செய்யும். கயிற்றில் என்ன இருக்கிறது என்று எனக்குத் தெரியாது, மடியில் இருப்பது தெரியும். தூக்கத்தில் அலறுவது அந்த வயதில் சகஜம். அடிக்கடி வந்தால், உடம்பு வெட்டினால், குழந்தை மருத்துவரிடம் காட்டுங்கள். இரண்டும் செய்யலாம், ஒன்றுக்கு ஒன்று எதிரி இல்லை.

#15 இரவுப்பணி (பெரம்பூர்)

எல்லோருக்கும் நன்றி. என் கேள்விக்கு இவ்வளவு கிடைக்கும் என்று நினைக்கவில்லை. இரண்டு விஷயம் பாக்கி.

ஒன்று, விழும்போது நேரம் நீண்டது ஏன்? இரண்டு, இந்த நினைவை அழிக்க மாத்திரை இருப்பதாக ஷிஃப்டில் ஒருவர் சொன்னார். ஏதோ பிரஷர் மாத்திரையாம். உண்மையா?

#16 சும்மா படிப்பவன்

முதலாவதற்கு என்னிடம் விடை இருக்கிறது, அதிசயமாக. டேவிட் ஈகிள்மேன் என்ற நரம்பியல் ஆய்வாளரின் குழு ஆட்களை 31 மீட்டர் உயரத்திலிருந்து முதுகு கீழாக வலையில் விழவைத்துப் பார்த்தது. தாங்கள் விழுந்த நேரத்தைச் சராசரியாக மூன்றில் ஒரு பங்குக்கு மேல் கூட்டிச் சொன்னார்கள். கையில் கட்டிய கருவியில் வேகமாக மாறும் எண்களை விழும்போது படிக்க முடிகிறதா என்றும் பார்த்தார்கள். முடியவில்லை. அதாவது அந்தக் கணத்தில் நேரம் மெதுவாகவில்லை. பயத்தில் நினைவு அடர்த்தியாகப் பதிந்து, திரும்பிப் பார்க்கும்போது நீளமாகத் தெரிகிறது. 2007-இல் வந்த கட்டுரை. எனக்கு இது ஏன் தெரியும் என்றால் நானும் ஒருமுறை கத்திப்பாரா மேம்பாலத்தில் சறுக்கியிருக்கிறேன்.

#17 வெண்மதி

மாத்திரை விஷயம் முழுப் பொய் இல்லை, ஆனால் ஷிஃப்டில் சொல்கிற அளவுக்கு நேரானதும் இல்லை.

2000-இல் கரீம் நாதர் என்பவர் லெடூவின் ஆய்வகத்தில் எலிகளுக்கு ஒலியையும் ஷாக்கையும் சேர்த்துப் பயம் கற்பித்தார். மறுநாள் ஒலியை மட்டும் ஒருமுறை கேட்கவைத்து நினைவைக் கிளறிவிட்டு, உடனே அமிக்டாலாவில், நினைவு நிலைக்கத் தேவையான புரதம் உருவாவதைத் தடுக்கும் மருந்தைச் செலுத்தினார். அடுத்த நாள் அந்த எலிகள் ஒலி கேட்டு முன்போல உறைந்து நிற்கவில்லை. நினைவைக் கிளறாமல் மருந்து மட்டும் கொடுத்த எலிகளுக்குப் பயம் அப்படியே இருந்தது. ஒவ்வொரு முறை நினைவுபடுத்தும்போதும் நினைவு கொஞ்ச நேரம் இளகி, மறுபடி இறுகுகிறது என்று இதிலிருந்து புரிந்தது.

அந்த மருந்தை மனிதருக்குக் கொடுக்க முடியாது. அதற்குப் பதிலாக ப்ரோப்ரனலால் என்ற மாத்திரையை முயன்றார்கள். உங்கள் நண்பர் சொன்ன பிரஷர் மாத்திரை அதுதான். சில ஆய்வுகளில் பலன் தெரிந்தது, அதேபோலச் செய்த வேறு சிலவற்றில் தெரியவில்லை. தயவுசெய்து கடையில் வாங்கிப் போட்டுவிடாதீர்கள். ஆஸ்துமா உள்ளவருக்கு அது மூச்சுக்குழாயைச் சுருக்கி ஆபத்தாகிவிடும்.

நடைமுறையில் பலிப்பது பழைய வழிதான். பயந்ததை ஆபத்து இல்லாத சூழலில், சிறிது சிறிதாக, திரும்பத் திரும்பச் சந்திப்பது. மூளை பழையதை அழிப்பதில்லை. "குரைப்பு வந்தது, ஒன்றும் ஆகவில்லை" என்று புதிதாக ஒன்றைக் கற்கிறது. முன்மூளையின் அடிப்பகுதி அந்தப் புதுப் பாடத்தை வைத்துக்கொண்டு அமிக்டாலாவை அடக்குகிறது. நம்மூர்ச் சுவரில் பழைய போஸ்டரைக் கிழிக்காமல் மேலேயே புதிதாக ஒன்றை ஒட்டுவார்களே, அப்படி. ஒரு நல்ல மழை பெய்தால் பழைய தலைவர் எட்டிப்பார்ப்பார். சும்மா படிப்பவன் கேலிக்கு இழுத்த பாவ்லோவே இதைக் கவனித்திருக்கிறார். மணி அடித்து உணவு கொடுத்துப் பழக்கிய நாய்க்கு மணி கேட்டாலே எச்சில் ஊறும். உணவு தராமல் மணி மட்டும் அடித்து அந்தத் தொடர்பு அற்றுப்போனதாகத் தோன்றிய நாய், சும்மா விட்டுவைத்தால் சில காலம் கழித்து மறுபடி எச்சில் ஊறவைத்தது.

#18 ஏன் எதற்கு

அப்படியானால் குணமாகவே ஆகாது என்கிறீர்களா? இது நோயாளிக்கு நல்ல செய்தியா?

#19 நைட் டியூட்டி சிஸ்டர்

நான் ஒன்று சொல்கிறேன். மனநலப் பிரிவில் சில வருடம் வேலை பார்த்தவள். பயம் திரும்பி வரலாம் என்று முன்னாடியே சொல்லி அனுப்பினால், திரும்பி வரும்போது ஆட்கள் இடிந்து போவதில்லை. "எல்லாம் வீணாச்சு" என்று பயிற்சியை நிறுத்துவதும் இல்லை. சொல்லாமல் விட்டால்தான் கஷ்டம். திரும்பி வந்தால் மறுபடி செய்ய வேண்டியதுதான், இரண்டாம் தடவை சீக்கிரம் அடங்கும்.

முடிச்சூர் அக்காவுக்கு: மழைக்காலம் முழுக்கத் தூக்கம் கெடுகிறது என்றால் அது சின்ன விஷயம் இல்லை. கீழ்ப்பாக்கம் அரசு மனநல மருத்துவமனையில் வெளிநோயாளிகளைப் பார்க்கிறார்கள். சென்ட்ரல் எதிரே பெரிய ஆஸ்பத்திரியிலும் மனநலப் பிரிவு உண்டு. கீழ்ப்பாக்கம் என்றதும் நம்மூரில் கிண்டல் செய்வார்கள், 1794-இல் தொடங்கிய ஆஸ்பத்திரி அது, கிண்டலும் பழையதுதான். நேரில் போகத் தயக்கம் என்றால் 14416-க்கு போன் செய்யுங்கள். அரசின் இலவச மனநல எண், தமிழிலேயே பேசலாம்.

இன்னொன்று, பொதுவாக. நெஞ்சு படபடப்பு முதல் தடவை வருகிறது, கூடவே நெஞ்சுவலி, கை வலி, வியர்வை என்றால் "இது பயம்தான்" என்று நீங்களே முடிவு கட்டாதீர்கள். முதலில் ஈசிஜி எடுத்துப் பாருங்கள்.

#20 முடிச்சூர் மழை

நன்றி சிஸ்டர். அந்த எண்ணைக் குறித்துக்கொண்டேன். வீட்டுக்காரர் "உனக்கு மட்டும்தான் இப்படி" என்பார். இந்த இழையை அவரிடம் படிக்கக் கொடுக்கப் போகிறேன்.

#21 இரவுப்பணி (பெரம்பூர்)

நான் ஒரு திட்டம் போட்டிருக்கிறேன், சரியா என்று பாருங்கள். எங்கள் தெரு டீக்கடை வாசலில் ஒரு நாய் படுத்திருக்கும், பிஸ்கட் போட்டால் வாலாட்டும், யாரையும் கடித்ததில்லை. தினமும் சாயங்காலம் ஹெட்போன் மாட்டிக்கொண்டு, தம்பியையும் கூட்டிக்கொண்டு, அதன் பக்கத்தில் நின்று டீ குடிக்கலாம் என்று இருக்கிறேன்.

#22 நைட் டியூட்டி சிஸ்டர்

ஆரம்பத்துக்கு நல்ல இடம். முதல் சில நாள் தம்பி வரட்டும், அப்புறம் தனியாகப் போங்கள். ஹெட்போன் வேண்டாம். சத்தம்தானே உங்களுக்குப் பிரச்சினை, அதை அடைத்துவிட்டு நின்றால் காதுக்கு என்ன கற்றுத்தர முடியும்? அது போக, படபடப்பு உச்சத்தில் இருக்கும்போது இடத்தை விட்டு ஓடாதீர்கள். கொஞ்சம் தணியும்வரை நின்றுவிட்டுக் கிளம்புங்கள். உச்சத்தில் ஓடினால், ஓடியதால்தான் தப்பித்தோம் என்று உடம்பு கணக்குப் போட்டுக்கொள்ளும்.

#23 வெண்மதி

சிஸ்டர் சொன்னதோடு ஒன்று சேர்க்கிறேன். டீக்கடையோடு நிறுத்திவிடாதீர்கள். இந்தப் புதுப் பாடம் கற்ற இடத்தோடு ஒட்டிக்கொள்ளும் குணம் உள்ளது. டீக்கடை நாயிடம் பயம் போனாலும் வில்லிவாக்கம் நாயிடம் அப்படியே இருக்கலாம். பழைய பயம் மட்டும் எல்லா இடத்துக்கும் கூடவே வரும், அநியாயம்தான். அதனால் வேறு தெரு, வேறு நாய், வேறு நேரம், பகல், சாயங்காலம், கடைசியாக ராத்திரி என்று மாற்றிக்கொண்டே போங்கள். நடந்து பழகிய பிறகு பைக்கில்.

#24 ஏன் எதற்கு

அந்தப் பழைய தெருமுனைக்கு மட்டும் ராத்திரியில் போய்ச் சோதனை செய்ய வேண்டாம். அங்கே இருப்பது இன்னும் நிஜமான நாய்கள். அங்கே பயப்படுவது கோளாறு இல்லை, அமிக்டாலா தன் வேலையைச் சரியாகச் செய்கிறது. வேறு வழியில் வீட்டுக்குப் போங்கள்.

#25 சும்மா படிப்பவன்

ஐசிஎஃப் வழியாக வாருங்கள். விளக்கு இருக்கிறது, அந்த நேரத்தில் ஆள் நடமாட்டமும் உண்டு. பிஸ்கட் பாக்கெட் ஒன்று பையில் இருக்கட்டும்.